காலமந்திரப் பண்டிதர் பாத்திரம்: வாழ்க்கைக் குறிப்பும் வாரிசுக் குழப்பமும் எப்படி எழுதலாம்?

கடலோரக்கணி (கேள்வி)

காரைக்கால்–தரங்கம்பாடிக் கரையில், 1700களில் நடக்கும் மாயக்கதை ஒன்று எழுதிக்கொண்டிருக்கிறேன். மையப் பாத்திரம் ஒரு காலமந்திரப் பண்டிதர். முழுக்கக் கற்பனை ஆள். காலத்தைக் கொஞ்ச நேரம் நிறுத்துவார், கொஞ்சம் பின்னுக்கு இழுப்பார். நாவலின் கடைசியில், அவர் செத்து நூறு வருஷம் கழித்து யாரோ எழுதியது மாதிரி நாலு பக்க வாழ்க்கைக் குறிப்பு வரணும்: என்ன படித்தார், என்ன கருவி வைத்திருந்தார், மந்திரம் எங்கே தவறியது, சீடர்கள் எதைக் காப்பாற்றினார்கள், எதைக் கெடுத்தார்கள்.

இப்போதைய வரைவில் மலைக்குகையில் ஒரு சித்தர் காதில் மந்திரம் ஓதிவிடுகிறார். படித்துப் பார்த்தால் சப்பென்று இருக்கிறது. நிஜமான காலக்கணிதத்தின் மேல் இதைக் கட்ட வழி இருக்கிறதா? சூத்திரம், அளவு, பிழை எல்லாம் வேணும். பொதுவான ஆலோசனை வேண்டாம்.

---

சுவடிப்பித்தன்

குகைச் சித்தரை முதலில் அனுப்பிவிடுங்கள் சார். உங்களுக்குத் தேவையான மந்திரம் அந்தக் கரையில் நிஜமாகவே இருந்தது. வாக்கியப் பஞ்சாங்கக் கணக்கைத்தான் சொல்கிறேன். வெளியாள் காதுக்கு அது மந்திரம் ஓதுவது போலவே கேட்கும்.

சந்திரனுக்கு 248 வாக்கியங்கள். வரருசி பேரில் வழங்குபவை. ஒவ்வொன்றும் ஒரு சின்ன சமஸ்கிருதத் தொடர், அதற்குள் ஒரு எண். முதல் வாக்கியம் "கீர்ந ச்ரேய". கடபயாதி என்ற எழுத்தெண் முறையில் மெய்யெழுத்துக்கு மதிப்புப் போட்டால் 3, 0, 2, 1. வலமிருந்து திருப்பிப் படித்தால் 1203, அதாவது 12 பாகை 3 கலை (பாகையில் அறுபதில் ஒரு பங்கு கலை). இரண்டாவது "தேநவ ஸ்ரீ": 9, 0, 4, 2. திருப்பினால் 24 பாகை 9 கலை. சந்திரன் ஒரு நாளில் நகர்ந்தது, இரண்டு நாளில் நகர்ந்தது என்று இப்படியே போகும். ஏன் 248? சந்திரன் தன் தொலைமுனையிலிருந்து கிளம்பி அங்கேயே திரும்ப 27.55 நாள். அப்படி ஒன்பது சுற்று கிட்டத்தட்ட சரியாக 248 நாள். அதன் பிறகு வேகக்கூட்டல் குறைச்சல் எல்லாம் முதலிலிருந்து அப்படியே திரும்ப வரும்.

எந்த வாக்கியத்தை எடுப்பது என்பதற்கு ஒரு கழித்தல், மூன்று வகுத்தல். கலி நாள் எண்ணிலிருந்து, அதாவது கலியுகம் தொடங்கியதிலிருந்து எண்ணிவரும் நாள் கணக்கிலிருந்து, 16,00,984ஐக் கழிக்கணும். மீதியை 12,372ஆல் வகு, அதன் மீதியை 3,031ஆல், அதன் மீதியை 248ஆல். கடைசியில் தங்குவதுதான் வாக்கிய எண். ஒவ்வொரு ஈவுக்கும் துருவம் என்று மாறாத ஒரு கோண அளவு உண்டு, அதைப் பெருக்கிச் சேர்த்தால் அன்றைய உதயத்துக்குச் சந்திரன் நிற்கும் இடம் கிடைக்கும். 3,031 என்பது 110 சுற்று, 12,372 என்பது 449 சுற்று. பெரிய சல்லடை, நடுச் சல்லடை, சின்னச் சல்லடை.

இந்த வகுக்கும் எண்களுக்கும் பெயர் உண்டு: 248க்கு "தேவரம்", 3,031க்கு "காலநிலம்", 12,372க்கு "ரசகரிகா". எழுத்தை எண்ணிப் பாருங்கள், விடை வரும். பண்டிதர் வாயில் "ரசகரிகா, காலநிலம், தேவரம்" என்று வரிசையாக வந்தாலே போதும், வாசகருக்குப் புது மந்திரம் எதுவும் நீங்கள் கண்டுபிடிக்க வேண்டியதில்லை.

செய்முறை: தரையில் சோழியைப் பரப்பி, இலக்கத்துக்கு ஒரு குவியல் வைத்துக் கணக்கிடுவது. ஓலையைப் பார்ப்பதில்லை, அட்டவணை முழுக்க மனப்பாடம். படிப்பு என்று நீங்கள் எழுத வேண்டியது இதைத்தான். ஏழெட்டு வயதில் 248 வாக்கியத்தையும் வரிசையாகவும் தலைகீழாகவும் ஒப்பிக்கப் பழகுவது, பிறகு சோழி, பிறகு கிரகணம்.

இனி சீடர் கெடுப்பது. இதுதான் கதைக்குத் தங்கம். கடபயாதியில் க-வர்க்கத்தின் நாலு எழுத்துக்கும் நாலு மதிப்பு: 1, 2, 3, 4. தமிழ் எழுத்தில் நாலுக்கும் ஒரே "க". அதனால்தான் இந்தச் சுவடிகள் கிரந்தத்தில் இருக்கணும். கிரந்தம் தெரியாத மருமகன் ஒருவர் எல்லாவற்றையும் தமிழ் எழுத்துக்கு மாற்றிப் படியெடுக்கிறார் என்று வையுங்கள். முதல் வாக்கியம் 12 பாகை 3 கலைக்குப் பதில் 12 பாகை 1 கலை ஆகும். இரண்டு கலைதான், அதாவது திதி முடிவில் நாலு நிமிஷம். யாரும் கவனிக்க மாட்டார்கள். ஆனால் கடைசி வாக்கியம் "பவேத் ஸுகம்": 4, 4, 7, 2. திருப்பினால் 27 பாகை 44 கலை. தமிழ் எழுத்தில் முதல் "ப"வும் கடைசிக் "க"வும் 1 ஆகிவிடும். 17 பாகை 41 கலை. பத்துப் பாகை காணோம்! திதியில் ஏறக்குறைய 20 மணி நேரம். அதே ஆள் "தேவரம்" என்பதைச் சாதாரணத் "த"வாக எடுத்து 6 போட்டால் 248 போய் 246 வந்து நிற்கும்.

முதலில் சின்னப் பிழை, யாருக்கும் தெரியாது. சில மாதம் கழித்துப் பெரிய பிழை. மந்திரம் "சில நாள் பலிக்கிறது, சில நாள் பலிக்கவில்லை" என்று ஊர் பேசுவதற்கு இதைவிட நல்ல காரணம் கிடைக்காது.

---

செப்புவட்டில்

கருவிப் பக்கம் நான் சொல்கிறேன். மணற்கடிகாரம் கொடுத்துவிடாதீர்கள், பாதிப் பேர் அதைத்தான் செய்கிறார்கள். நாழிகை வட்டில் கொடுங்கள். முல்லைப்பாட்டிலேயே "குறுநீர்க் கன்னல்" வருகிறது, அதைப் பார்த்து அரசனுக்குப் பொழுது சொல்பவர்களும் வருகிறார்கள். சிலப்பதிகாரத்தில் நாழிகைக் கணக்கர் உண்டு.

இரண்டு வகை. பாத்திரத்திலிருந்து நீர் சொட்டி வெளியேறுவது ஒன்று. அடியில் துளையிட்ட செப்புக் கிண்ணத்தைத் தண்ணீர்த் தொட்டியில் மிதக்கவிட்டு, அது நிறைந்து மூழ்குவதைப் பார்ப்பது இன்னொன்று. கதைக்கு இரண்டாவதுதான். மூழ்கும்போது "களுக்" என்று ஒரு சத்தம், கிண்ணம் தொட்டியின் அடியைத் தட்டும், உடனே சேகண்டியில் அடி. ஒரு முழுக்கு 1 நாழிகை, அதாவது 24 நிமிஷம். நாளுக்கு 60.

சொட்டுப் பாத்திரத்தில் நீர் குறையக் குறைய அழுத்தமும் குறைவதால் வேகம் தளரும். மிதக்கும் கிண்ணத்தில், சுவர் நேராக இருந்தால், உள்மட்டத்துக்கும் வெளிமட்டத்துக்கும் உள்ள வித்தியாசம் மூழ்கும் வரை ஏறக்குறைய மாறாது. கிண்ணத்தின் எடைதான் அதைத் தீர்மானிக்கிறது. ஆகவே நீர் ஒரே சீராக ஏறும். உள்ளே சமதூரத்தில் கோடு கீறினால் கால் நாழிகை, அரை நாழிகையும் படிக்கலாம்.

அளவு வேண்டுமென்றால்: குறுக்கே 12 செ.மீ., உயரம் 6 செ.மீ., எடை 300 கிராம் உள்ள நேர்ச்சுவர்க் கிண்ணம். இரு மட்டத்துக்கும் வித்தியாசம் சுமார் 2.6 செ.மீ. 24 நிமிஷத்தில் மூழ்க, துளை 0.9 மி.மீ.க்கு அருகில் வரும். நேரே 0.9 போடக் கூடாது. 0.7இல் தொடங்கி, ஊசியால் கொஞ்சம் கொஞ்சமாக அகட்டி, ஒவ்வொரு முறையும் மிதக்கவிட்டுப் பார்க்கணும். அகட்டிய துளையைச் சுருக்க முடியாது. 0.9 போய் 1.0 ஆனால் 24 நிமிஷம் 19½ ஆகிவிடும். துளையின் பரப்புதான் கணக்கு, விட்டமில்லை.

பழைய நூல்கள் இத்தனை பலம் செம்பு, இத்தனை அங்குலம், இத்தனை மாஷப் பொன்னை இழுத்த கம்பியால் துளை என்று விதி சொல்லும். 12ஆம் நூற்றாண்டுப் பாஸ்கரர் அதையெல்லாம் ஓரம் கட்டிவிட்டார்: கிண்ணம் எப்படியோ இருக்கட்டும், ஒரு பகல்-இரவில் எத்தனை தடவை மூழ்குகிறதோ அந்த எண்ணால் 60ஐ வகு, ஒரு முழுக்குக்கு எத்தனை நாழிகை என்று கிடைத்துவிடும். உங்கள் பண்டிதரும் இந்தக் கட்சியாக இருந்தால் எனக்குப் பிடிக்கும். விதிப்படி செய்த கிண்ணத்தை நம்புகிற போட்டிப் பண்டிதர் ஒருவரை எதிரே நிறுத்தலாம்.

என்ன கெடும்? உப்புத்தண்ணீர் வைத்தால் துளை விளிம்பில் உப்புப் படியும், துளை சுருங்கும், நாழிகை நீளும். களிம்பு ஏறினாலும் அதே. புளிபோட்டு அடிக்கடி தேய்த்தால் மாறாகத் துளை பெரிதாகும், நாழிகை குறையும். தண்ணீர் 20 பாகை செல்சியஸில் இருப்பதைவிட 30இல் ஐந்தில் ஒரு பங்கு இளகலாக ஓடும். மெல்லிய தகட்டுத் துளையில் அதன் பாதிப்புக் குறைவு, தடித்த அடியில் நீளமான துளையாக இருந்தால் மார்கழி விடியலுக்கும் சித்திரை மதியத்துக்கும் தெளிவாகவே வேறுபடும். கிண்ணம் தொட்டிச் சுவரைத் தொட்டுச் சாய்ந்தால் ஒரு பக்க விளிம்பு முன்கூட்டியே முழுகிவிடும். துளையில் தூசி அடைப்பது சொல்லவே வேண்டாம். பாஸ்கரர் மகள் லீலாவதியின் கல்யாண முகூர்த்தம் முத்து விழுந்து துளை அடைத்ததால் தவறியது என்ற கதை, 1587இல் பைசி செய்த பாரசீக மொழிபெயர்ப்பு வழியாகப் பரவியது. கதைதான். ஆனால் முத்தைத் திரும்ப எடுத்தாளாதீர்கள், எல்லாரும் கண்டுபிடித்துவிடுவார்கள். களிம்பே போதும்.

---

கடலோரக்கணி

இரண்டு பேருக்கும் நன்றி. மருமகன் படியெடுப்பதை அப்படியே எடுத்துக்கொள்கிறேன். இரண்டு சந்தேகம். ஒன்று, காலத்தை நிறுத்துவதற்கு விலை என்ன வைப்பது? "ஆயுள் குறையும்" என்று பொதுவாகச் சொன்னால் கணக்கு நிற்கவில்லை. இரண்டு, பண்டிதர் செத்த தேதியைப் பிற்காலத்தார் 60 வருஷம் தப்பாகச் சொல்வதாக ஒரு யோசனை. நம்பும்படி இருக்குமா?

---

மூச்சுக்கணக்கு

விலைக்கு மூச்சைப் பிடியுங்கள். ஏற்கெனவே அளந்து வைத்திருக்கிறார்கள்: 6 மூச்சு 1 விநாடி, 60 விநாடி 1 நாழிகை, 60 நாழிகை 1 நாள். நாளுக்கு 21,600 மூச்சு. சித்தர் பாடல் பேசுவோர் சொல்லும் அதே எண். கவனிக்க, இங்கே விநாடி என்றால் பழைய விநாடி, 24 செகண்டு. கதையில் இரண்டையும் கலந்தால் கணக்கு நாறிவிடும், செகண்டு என்ற சொல்லையே உள்ளே விடாதீர்கள்.

வட்டத்திலும் 360 × 60 = 21,600 கலை. ஆக, ஒரு மூச்சுக்கு வானம் ஒரு கலை திரும்புகிறது. ஆரியபடர் 499ஐ ஒட்டி எழுதியதில் இது நேராகவே இருக்கிறது. ஒரு பிராணனில் பூமி ஒரு கலை சுழல்கிறது என்று. உங்கள் மந்திரத்தின் அடிப்படை விதி இதுவாகவே இருக்கலாம்: வானத்தை ஒரு கலை நிறுத்த ஒரு மூச்சை அடக்கணும், அல்லது ஒரு மூச்சை இழக்கணும். ஒரு நாழிகை நிறுத்தினால் 360 மூச்சு. பண்டிதர் தன் செலவை ஓலையில் எழுதி வைத்திருந்தால் வாழ்க்கைக் குறிப்புக்கு அது முதல் தரச் சான்று.

பிழையும் இதிலேயே இருக்கிறது. 4 செகண்டுக்கு ஒரு மூச்சு என்றால் நிமிஷத்துக்கு 15. அமைதியாக உட்கார்ந்திருப்பவனுக்குச் சரி. பயந்தவன் 25 தடவை விடுவான். அவன் 360 எண்ணி முடிக்கும்போது உண்மையில் 14½ நிமிஷம்கூட ஆகியிருக்காது. ஒரு நாழிகை நிறுத்தியதாக நினைத்துக் காரியத்தில் இறங்குவான், முக்கால் நாழிகைக்குள்ளேயே காலம் அவிழ்ந்துவிடும். கதவு பாதி திறந்திருக்கும்போது காவல்காரன் கண்ணைச் சிமிட்டுவான். எனவே பண்டிதர் மூச்சை நம்ப மாட்டார், வட்டிலை நம்புவார். சீடன் வட்டிலைத் தூக்கிக்கொண்டு அலைய முடியாமல் மூச்சை நம்புவான்.

இன்னொரு நுணுக்கம். 21,600 மூச்சில் திரும்பி முடிவது நட்சத்திர வானம். சூரியன் அதே இடத்துக்கு வர இன்னும் கிட்டத்தட்ட 4 நிமிஷம் வேணும், அதாவது 59 மூச்சு. நட்சத்திரத்தைப் பார்த்து வட்டிலைச் சரிசெய்தவரும் உதயத்தைப் பார்த்துச் சரிசெய்தவரும் நாளுக்கு 59 மூச்சு விலகுவார்கள். ஒரு வருஷத்தில் முழு நாள் ஒன்று. இரண்டு சீடர் பரம்பரை ஒருவரையொருவர் போலி என்று திட்ட இதைவிட நியாயமான காரணம் வேண்டாம், ஏனென்றால் இரண்டு பேர் வட்டிலும் சரிதான்.

நாழிகை உதயத்திலிருந்து எண்ணப்படும் என்பதையும் மறக்காதீர்கள். அந்தக் கரையில் நீண்ட பகலுக்கும் குறுகிய பகலுக்கும் சுமார் 3 நாழிகை வித்தியாசம். "எப்போதும் 30 நாழிகையில் அஸ்தமனம்" என்று எழுதினால் தப்பு.

---

ஓலைக்கட்டு

60 வருஷக் குழப்பம் நம்பும்படி இருக்குமா என்றால், தாராளமாக. பிரபவ முதல் அட்சய வரை 60 பெயர் சுற்றிச் சுற்றி வருவதால் சுவடியின் கடைசியில் வருஷப் பெயரை மட்டும் எழுதிவைத்தால் 60 வருஷம் முன்னேயா பின்னேயா என்பதே சண்டை. உங்களுக்கு ஒரு அதிர்ஷ்டமும் இருக்கிறது. 1765–66 பார்த்திப. 1825–26உம் பார்த்திப. இரண்டு வருஷத்திலும் சந்திர கிரகணம், இரண்டுமே வரலாற்றில் பதிவானவை, இரண்டுமே உங்கள் கரையோடு சம்பந்தப்பட்டவை.

முதலாவது 1765 ஆகஸ்ட் 30. வெள்ளிக்கோள் சூரியனுக்குக் குறுக்கே கடப்பதைப் பார்க்க வந்து 1769இல் மேகத்தால் ஏமாந்த பிரெஞ்சுக்காரர் லெ ஜாந்தீய், புதுச்சேரியில் தமிழ்க் கணக்கைக் கற்றுக்கொண்டு இந்தக் கிரகணத்தில் சோதித்தார். கிரகணம் நீடித்த நேரத்தில் தமிழ்க் கணக்கு 41 செகண்டு குறைவு. ஐரோப்பாவில் அன்று பேர்பெற்ற மேயரின் அட்டவணை 68 செகண்டு கூடுதல். இரண்டாவது 1825 மே 31 இரவு. சென்னை வான்நோக்கு நிலையத்தில் முன்பு இருந்த ஜான் வாரன், புதுச்சேரியில் ஒரு பஞ்சாங்கக்காரர் தரையில் சோழி வைத்து, மனப்பாட அட்டவணையிலிருந்தே இந்தக் கிரகணத்தைக் கணித்ததைப் பதிவு செய்திருக்கிறார். தொடக்கத்தில் 4 நிமிஷப் பிழை, நடுவில் 23, முடிவில் 52. இந்த எண்களை அப்படியே எடுத்துக்கொண்டு, "60 வருஷத்தில் கணக்கு எப்படித் தேய்ந்தது பார்" என்று உங்கள் வாழ்க்கைக் குறிப்பு எழுதுகிறவர் அங்கலாய்க்கலாம். ஒரு கிரகணத்தில் நீடித்த நேரம், இன்னொன்றில் தொடங்கிய, முடிந்த நேரம், ஒப்பிடவே கூடாதவை. அதனாலேயே அந்த ஆள் அப்படித்தான் செய்வார், வாழ்க்கைக் குறிப்பு எழுதுகிறவர்கள் செய்வதுதானே.

பண்டிதரை 1765 கிரகணத்தன்று சாகவிடுங்கள். சுவடியில் "பார்த்திப வருஷம், கிரகணத்தன்று" என்று மட்டும் இருக்கட்டும். 1900க்குப் பிறகு வரும் ஆராய்ச்சியாளர் அதை 1825 என்பார். மாதம் இருந்தால் முடிந்தது கதை: முதலாவது ஆவணி, இரண்டாவது வைகாசி. எனவே மாதம் உள்ள ஓலை ஓரத்தைப் பூச்சி தின்றிருக்கணும். எழுத்து மயக்கமும் சேர்க்கலாம். பழைய ஓலையில் புள்ளி வைக்க மாட்டார்கள், எகர ஏகாரத்துக்கு வித்தியாசம் தெரியாது, துணைக்காலும் ரகரமும் ஒரே வடிவம். நம்ம ஊர் ஈரத்துக்கும் பூச்சிக்கும் சில தலைமுறைக்கு ஒருமுறை படியெடுத்தே ஆகணும் என்பதால், ஒவ்வொரு படியிலும் ஒரு மயக்கம் கூடும்.

மரபு இரண்டாகப் பிரிவதற்கும் நிஜ உதாரணம் உண்டு. சென்னை வான்நோக்கு நிலையத்தில் பணியாற்றிய சிந்தாமணி ரகுநாதாச்சாரி, பார்வைக்கு ஒத்துவரும்படி பஞ்சாங்கத்தைத் திருத்தணும் என்று 19ஆம் நூற்றாண்டில் திருக்கணிதத்துக்காக வாதாடினார். வாக்கியக்காரர்கள் விடவில்லை. இன்றும் அந்தப் பிளவு அப்படியே இருக்கிறது: திருக்கணிதத்தில் 2023 ஜனவரி 17இல் வந்த சனிப்பெயர்ச்சி, வாக்கியப்படி திருநள்ளாற்றில் 2023 டிசம்பர் 20இல்தான் நடந்தது. சீடர்கள் இரண்டு கட்சியாகி, குருவின் திதியையே இரண்டு நாளில் கொடுப்பதாக எழுதினால் தமிழ் வாசகர் யாரும் புருவம் உயர்த்த மாட்டார்கள்.

---

கடலோரக்கணி

பார்த்திப விஷயம் அருமை. 1765தான் என்று கடைசியில் யாராவது நிரூபிக்கணும், அதற்கு ஒரு துப்பு சுவடிக்குள்ளேயே இருந்தால் நல்லது.

---

சுவடிப்பித்தன்

கலி நாளைப் பாட்டில் ஒளித்துவையுங்கள். மேல்பத்தூர் நாராயண பட்டத்திரி செய்ததுதான்: நாராயணீயத்தின் கடைசிச் சொல் "ஆயுராரோக்யஸௌக்யம்". எழுத்தை எண்ணித் திருப்பினால் 17,12,210, நூல் முடிந்த கலி நாள், 1586இன் இறுதி.

1765 ஆகஸ்ட் 30க்குக் கலி நாள் 17,77,489. திருப்பிப் போட்டால் 9, 8, 4, 7, 7, 7, 1 என்ற வரிசையில் எழுத்து வேணும். நடுவில் மூன்று 7 வருவதால் "ஸ" மூன்று தடவை வைக்கலாம், கடைசி 1க்கு ய, ப, க எது வேண்டுமானாலும். உயிரெழுத்து சொல்லின் தலையில் தனியாக வந்தால் பூஜ்யம், ஆகவே இந்தத் தொடரில் உயிரில் தொடங்கும் சொல் கூடாது. கூட்டெழுத்தில் கடைசி மெய்க்குத்தான் மதிப்பு. சமஸ்கிருதம் தெரிந்த ஒருவரிடம் கொடுத்துச் சரிபாருங்கள்.

நிரூபணம்: 7ஆல் வகுத்தால் மீதி 0. கலி வெள்ளிக்கிழமை தொடங்கியதால் மீதி 0 என்றால் வெள்ளி. அன்று வெள்ளிதான். 1825 மே 31க்கு 17,99,312 வரும், மீதி 4, செவ்வாய். சுவடியில் எங்கேயாவது "சுக்ரவாரம்" என்று ஒரு சொல் தப்பியிருந்தால் போதும்.

வாக்கியக் கணக்கும் போட்டுக் காட்டலாம். 17,77,489இலிருந்து 16,00,984 போக 1,76,505. 12,372ஆல் 14 தடவை, மீதி 3,297. 3,031ஆல் ஒரு தடவை, மீதி 266. 248ஆல் ஒரு தடவை, மீதி 18. பதினெட்டாம் வாக்கியம். மருமகன் படியை வைத்துக் கணக்கிடுபவருக்குத் தேவரம் 246 என்பதால் மீதி 20 வரும், சந்திரன் இரண்டு நாள் தள்ளிப்போய் நிற்பான், அன்று பௌர்ணமியே இருக்காது. ஆக அந்தக் கட்சி "குரு இறந்த நாளில் கிரகணமே இல்லை, இது இட்டுக்கட்டு" என்று சத்தியம் செய்யும். அவர்கள் பிரதியில் அது உண்மையும்கூட.